சாரோப்சிடா: பல்லியையும் காக்கையையும் ஒரே கிளையில் வைக்கும் சொல்

பல்லி எச்சத்தை யாரும் நின்று பார்ப்பதில்லை. அடுத்த முறை சுவரோரம் கண்ணில் பட்டால், துடைப்பதற்கு முன் ஒரு நொடி குனிந்து பாருங்கள். கறுப்பாக ஒரு சின்னத் துணுக்கு, அதன் ஒரு முனையில் மட்டும் வெள்ளைப் பொட்டு. கறுப்பு, மலம். வெள்ளை, அதன் சிறுநீர். சரி, இப்போது காக்கை எச்சத்தை நினைத்துப் பாருங்கள். அதிலும் கறுப்பும் வெள்ளையும் கலந்துதான் இருக்கும். அந்த வெள்ளையும் இதே பொருள்தான், யூரிக் அமிலம்.

உடலில் புரதம் சிதையும்போது நைட்ரஜன் கழிவு உண்டாகும். அதை எப்படியாவது வெளியேற்றியாக வேண்டும். நாம், மாடு, எலி, திமிங்கலம் எல்லாரும் அதை யூரியாவாக மாற்றி, நீரில் கரைத்து, சிறுநீராக விடுகிறோம். பல்லியும் காக்கையும் அதை யூரிக் அமிலமாக மாற்றுகின்றன. அது நீரில் அநேகமாகக் கரையாது. அதனால் கொஞ்சம் ஈரத்தோடு பசை மாதிரி வெளியே தள்ளிவிடலாம், தண்ணீர் மிச்சம். முட்டைக்குள் வளரும் குஞ்சுக்கு இதில் இன்னொரு வசதி உண்டு. மூடிய ஓட்டுக்குள் யூரியா சேர்ந்துகொண்டே போனால் குஞ்சுக்கே நஞ்சாகிவிடும். யூரிக் அமிலமோ படிகமாகி ஓர் ஓரமாகத் தங்கிவிடும்.

பாம்பும் இப்படித்தான், ஓணானும் இப்படித்தான், கோழியும் இப்படித்தான். (முதலையும் நீர்வாழ் ஆமைகளும் சுற்றிலும் தண்ணீர் இருக்கும் தைரியத்தில் அம்மோனியாவையும் யூரியாவையும்கூட வெளியேற்றும். விதி என்றால் விலக்கு இல்லாமலா?) செதில் போர்த்த ஒன்றும் இறகு போர்த்த ஒன்றும் இத்தனை அந்தரங்கமான விஷயத்தில் ஒத்துப்போவது தற்செயல் இல்லை. இரண்டும் ஒரே மூதாதையின் வழிவந்தவை. அந்த வம்சத்துக்கு உயிரியலில் வைத்திருக்கும் பெயர்தான் சாரோப்சிடா.

பெயர் எதைக் குறிக்கிறது?

எளிமையாகச் சொன்னால், ஊர்வன என்று பள்ளியில் படித்த எல்லாமும், பறவைகளும், அவற்றின் வழியில் வந்து அழிந்துபோன டைனோசர் போன்றவையும் சேர்ந்ததுதான் சாரோப்சிடா. தவளைக்கு இதில் இடமில்லை. நமக்கும் இல்லை.

இதையே கொஞ்சம் சரியாகச் சொல்ல, பின்னோக்கிப் போக வேண்டும். முதுகெலும்புள்ள விலங்குகள் தண்ணீரை விட்டு முழுசாக விலகி, கரையிலேயே குஞ்சு பொரிக்கக் கற்றுக்கொண்டது கருவைச் சுற்றி ஒரு நீர்ப்பை உருவானதால்தான். பனிக்குடம் என்று பிரசவ அறையில் சொல்கிறார்களே, அதே பைதான். கோழி முட்டைக்குள்ளும் அது இருக்கிறது, கர்ப்பப்பைக்குள்ளும் இருக்கிறது. பனிக்குடம் கொண்ட இந்த விலங்குகளை அம்னியோட்டுகள் என்பார்கள். இவற்றின் வம்சம் மிகப் பழைய காலத்திலேயே, குறைந்தது 31 கோடி ஆண்டுகளுக்கு முன்னரே, இரண்டாகப் பிரிந்துவிட்டது. ஒரு கிளையில் கடைசியாக மிஞ்சியிருப்பவர்கள் பாலூட்டிகள். அந்தக் கிளைக்குப் பெயர் சினாப்சிடா. மற்றக் கிளைதான் சாரோப்சிடா. கனடாவின் நோவா ஸ்கோஷியாவில், மட்கிப்போன மரத்தண்டுகளின் உள்ளே புதைபடிவமாகக் கிடைத்த ஹைலோனோமஸ் என்ற பல்லி போன்ற சிறு விலங்கு, இந்தக் கிளையின் மிகப் பழைய ஆட்களில் ஒன்றாகப் பலகாலமாகச் சொல்லப்பட்டு வருகிறது.

இரு கிளைகளின் வேறுபாட்டை உங்கள் தலையிலேயே தொட்டுப் பார்க்கலாம். கண்ணுக்கும் காதுக்கும் நடுவே, நெற்றிப்பொட்டில் விரலை வைத்துக்கொண்டு பல்லைக் கடியுங்கள். உள்ளே ஒரு தசை புடைத்து அடங்கும். அது கன்ன எலும்பு வளைவின் உள்பக்கமாக இறங்கித் தாடையைப் பிடித்திருக்கிறது. அந்த வளைவுக்கும் மண்டைக்கும் இடையே உள்ள வழி, கண்ணுக்குப் பின்னால் பக்கத்துக்கு ஒன்றாக நம் மூதாதைகளின் மண்டையோட்டில் இருந்த திறப்பிலிருந்து வந்தது. சினாப்சிடாவின் அடையாளமே அந்த ஒற்றைத் திறப்புதான். சாரோப்சிடாக் கிளையில் தொடக்கத்தில் திறப்பே இல்லை. பிறகு அதன் பெரும்பகுதியில் பக்கத்துக்கு இரண்டு திறப்புகள் வந்தன. முதலை மண்டையோட்டைப் படத்தில் பார்த்தால் இரண்டும் தெளிவாகத் தெரியும். பல்லிகளில் கீழ்த் திறப்பின் அடிச்சட்டம் மறைந்துவிட்டது. பறவைகளில் திறப்புகள் கண்குழியோடு கலந்துவிட்டன. ஆமையில் மொத்தமாக மூடிக்கொண்டன.

ஹக்ஸ்லி சொன்னதும் அதில் இருந்த ஓட்டையும்

இந்தப் பெயரை 1860களில் உருவாக்கியவர் டார்வினின் கொள்கைக்காக மேடைமேடையாக வாதாடிய தாமஸ் ஹென்றி ஹக்ஸ்லி. ‘பல்லிச் சாயல் உடையவை’ என்று பொருள்படும் கிரேக்கச் சொற்களைச் சேர்த்து ஆக்கியது. முதுகெலும்பிகளை அவர் மூன்று கட்டுகளாகப் பிரித்தார். பாலூட்டிகள் ஒரு கட்டு, மீன்களும் தவளை வகைகளும் ஒரு கட்டு, ஊர்வனவும் பறவைகளும் ஒரு கட்டு.

அன்றைக்கு இது துணிச்சலான காரியம்தான். இறகும் வெப்ப ரத்தமும் உள்ள பறவையைத் தூக்கிக்கொண்டுபோய் முதலையோடும் பாம்போடும் வைத்தால் யாருக்குத்தான் உறுத்தாது? ஆனால் ஹக்ஸ்லி தோலைப் பார்க்கவில்லை, எலும்பைப் பார்த்தார். நம் மண்டையோடு கழுத்தெலும்பில் இரண்டு குமிழ்களால் உட்காருகிறது. பறவைக்கும் பல்லிக்கும் ஒரே குமிழ். நம் கீழ்த்தாடை பக்கத்துக்கு ஒரே எலும்பு, அவற்றுக்குப் பல எலும்புகள் சேர்ந்தது. நம் காதுக்குள் மூன்று குட்டி எலும்புகள், அவற்றுக்கு ஒன்றே ஒன்று. கோழி ரத்தத்தை நுண்ணோக்கியில் வைத்தால் சிவப்பணுக்கள் நீள்வட்டமாக, நடுவில் உட்கருவோடு தெரியும். மனித ரத்தத்தில் அவை வட்டமாக, உட்கரு இல்லாமல் இருக்கும். பல்லி ரத்தமோ கோழி பக்கம்.

1861இல் ஜெர்மனியின் சோல்ன்ஹோஃபன் சுண்ணாம்புக்கல்லில் ஆர்க்கியோப்டெரிக்ஸ் என்ற புதைபடிவம் வேறு கிடைத்திருந்தது. இறகு பறவைக்குரியது, நீண்ட எலும்பு வால் ஊர்வனவுக்குரியது. 1868 வாக்கில் பறவைகளுக்கும் டைனோசர்களுக்கும் உள்ள ஒற்றுமையை ஹக்ஸ்லி வெளிப்படையாகவே வாதிட ஆரம்பித்துவிட்டார்.

கட்டு சரி. ஆனால் அதைக் கட்டிய கயிறு சில இடங்களில் இற்றுப்போனது. சிவப்பணுவையே எடுத்துக்கொள்ளுங்கள். உட்கருவுள்ள சிவப்பணு மீனுக்கும் உண்டு, தவளைக்கும் உண்டு. எல்லாருக்கும் இருந்த பழைய சொத்து அது, பாலூட்டிகள்தான் அதைத் தொலைத்தன. ஆக, பல்லிக்கும் கோழிக்கும் அது இருப்பதை வைத்து அவை நெருங்கிய உறவு என்று சொல்ல முடியாது. அப்படிச் சொன்னால் மீனையும் சேர்த்துக்கொள்ள வேண்டிவரும். உறவைக் காட்ட வேண்டுமானால், அந்தக் கிளையில் புதிதாகத் தோன்றி, அந்தக் கிளைக்குள் மட்டும் கைமாறி வந்த அடையாளம் வேண்டும். தொடக்கநிலை வாசகர்கள் பெரும்பாலும் சறுக்குவது இந்த இடத்தில்தான். ஒற்றுமை இருந்தால் போதாது, அது எப்போது முளைத்த ஒற்றுமை என்று கேட்க வேண்டும்.

அப்படிப்பட்ட புது அடையாளம் ஒன்று தோலிலேயே இருக்கிறது. நம் நகம், முடி, மாட்டுக்கொம்பின் உறை எல்லாம் ஆல்ஃபா கெரட்டின் என்ற புரதத்தால் ஆனவை. சாரோப்சிடுகளிடம் அதுவும் உண்டு, கூடவே பீட்டா கெரட்டின் என்று வழக்கமாக அழைக்கப்படும், இன்னும் விறைப்பான வேறொரு புரதக் குடும்பமும் உண்டு. பாம்பின் செதில், ஆமையோட்டின் மேல்தகடு, முதலையின் நகம், கிளியின் அலகு, மயிலின் தோகை எல்லாவற்றிலும் இருக்கிறது. பாலூட்டிகள் எதனிடமும் கிடையாது. யூரிக் அமிலமும் இதே ரகம்.

ஊர்வன என்ற சொல் இருக்க, இது எதற்கு?

ஊர்வன என்பதைப் பழைய பாடநூல்கள் எப்படி வரையறுத்தன என்று பாருங்கள்: செதில் உண்டு, குளிர் ரத்தம், பெரும்பாலும் முட்டையிடும், இறகு இல்லை, முடி இல்லை. பாதி வரையறை ‘இல்லை’களால் ஆனது. பல்லி, பாம்பு, ஆமை, முதலை நாலையும் ஒரு பெட்டியில் போட்டு, பறவையைத் தனிப் பெட்டியில் வைத்தார்கள்.

இதில் என்ன பிரச்சினை என்றால், முதலைக்கு நெருங்கிய உறவு பல்லி இல்லை. காக்கை. முதலை வம்சமும் பறவை வம்சமும் பிரிந்தது ஏறத்தாழ 25 கோடி ஆண்டுகளுக்கு முன். இந்த இரண்டின் பொது மூதாதை பல்லி வம்சத்திலிருந்து பிரிந்தது அதற்கும் முன்னால். முதலையைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தாலே பறவை தெரியும். இதயத்தில் முழுமையாகப் பிரிந்த நான்கு அறைகள், பல்லிக்கும் பாம்புக்கும் மூன்றுதான். நாம் மூச்சை இழுத்து வந்த வழியே விடுகிறோம். பறவையின் நுரையீரலில் காற்று ஒரே திசையில் சுற்றிச் செல்லும். அலிகேட்டர் முதலையிலும் அப்படியே என்று 2010இல் காட்டினார்கள். பிறகு உடும்பு வகையிலும் கண்டார்கள், ஆகவே அது இன்னும் பழைய சங்கதியாக இருக்கலாம். அப்புறம், குட்டிகள். பொரிக்கும் நேரத்தில் முதலைக் குட்டிகள் முட்டைக்குள் இருந்தபடியே குரல் கொடுக்கும். தாய் அதைக் கேட்டுக் கூட்டைத் தோண்டும், குட்டிகளை வாயில் அள்ளிக்கொண்டுபோய்த் தண்ணீரில் விடும். கோழி வளர்த்தவர்களுக்கு முட்டைக்குள்ளிருந்து வரும் அந்தச் சத்தம் புதிதல்ல.

ஆமை கதை இதைவிட வேடிக்கை. மண்டையோட்டில் திறப்பே இல்லாததால், ஆமை மிகப் பழைய தனிக் கிளை என்றே வெகுகாலம் நினைத்தார்கள். கடந்த சில பத்தாண்டுகளின் மரபணு ஒப்பீடுகள் ஆமையை முதலை, பறவை ஆகியவற்றின் பக்கத்தில் கொண்டுவந்து நிறுத்திவிட்டன. அதாவது பல்லியைவிடப் பறவைக்குத்தான் ஆமை நெருக்கம். பல்லிக்கு நெருக்கம் என்றால் பாம்பு (அது பல்லிகளுக்கு நடுவிலிருந்தே முளைத்த கிளை), அதற்கடுத்து நியூசிலாந்தில் மட்டும் வாழும், பல்லி போலத் தோன்றும் டுவாட்டாரா.

ஒரு தாத்தாவின் வாரிசுப் பட்டியல் எழுதுகிறோம் என்று வையுங்கள். ஒரு பேரன் தொலைதூரம் போய், வசதியாகி, ஆளே அடையாளம் தெரியாமல் மாறிவிட்டான் என்பதற்காக அவன் பெயரை மட்டும் விட்டுவிட்டால் அந்தப் பட்டியல் செல்லுமா? கூடப் பிறந்தவன் பெயர் இருக்கிறது, அவன் பெயர் இல்லை. பறவையை விட்டுவிட்ட ஊர்வனப் பட்டியல் அப்படிப்பட்டதுதான். ஒரு மூதாதையும் அதன் எல்லா வாரிசுகளும் சேர்ந்தால்தான் வகைப்பாட்டியலில் அது முழுக் கிளை. இந்தக் கறாரான முறையை 20ஆம் நூற்றாண்டின் நடுவில் நிலைநிறுத்தியவர் வில்லி ஹென்னிக் என்ற ஜெர்மானியப் பூச்சியியலாளர். பறவையில்லாத ஊர்வன அந்தத் தேர்வில் தோற்றுவிட்டது. சாரோப்சிடா ஜெயித்தது.

பழைய ஊர்வனப் பெட்டிக்கு எதிர்ப்பக்கத்திலும் ஒரு கோளாறு இருந்தது. சேராத ஆட்களையும் அதில் திணித்திருந்தார்கள். முதுகில் பாய்மரம் விரித்த டைமெட்ரோடானைப் பார்த்திருப்பீர்கள், பொம்மை டைனோசர் பொட்டலங்களில் தவறாமல் இருக்கும். அது டைனோசர் இல்லை, டைனோசர்கள் தோன்றுவதற்குப் பல கோடி ஆண்டுகளுக்கு முன்பே அழிந்துவிட்டது. சாரோப்சிடாவே இல்லை. கண்ணுக்குப் பின்னால் ஒற்றைத் திறப்பு, நம் பங்காளி. இப்படிப்பட்டவற்றை ‘பாலூட்டி போன்ற ஊர்வன’ என்று ஒரு காலத்தில் எழுதினார்கள். இப்போது அந்தத் தொடர் கிட்டத்தட்ட வழக்கொழிந்துவிட்டது. இந்த இரு வழிகளையும் பிரித்தே ஆக வேண்டும் என்று 1916இலேயே விலங்கியலாளர் எட்வின் குட்ரிச் எழுதினார். ஹக்ஸ்லியின் பெயரைப் பறவை பக்கத்துக்கு வைத்துக்கொண்டு, நம் பக்கத்துக்குத் தெரோப்சிடா என்று பெயரிட்டார். அந்தப் பெயர் நிற்கவில்லை, சினாப்சிடா நின்றது.

ஒரு விஷயம். வெப்ப ரத்தமும் நான்கறை இதயமும் இருப்பதால் பறவையும் பாலூட்டியும்தான் நெருங்கிய உறவு என்ற வாதம் 1980களில்கூட ஒருமுறை எழுந்தது. 1988இல் தொல்லுயிரியலாளர் ஜாக் கோத்தியேவும் சகாக்களும் புதைபடிவங்களையும் கணக்கில் சேர்த்து அதை மறுத்தார்கள். வெப்ப ரத்தம் இரு கிளைகளிலும் தனித்தனியே வந்தது. உயிருள்ளவற்றை மட்டும் பார்த்து முடிவுகட்டினால் எப்படி ஏமாறலாம் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

யார் உள்ளே, யார் வெளியே

பாம்பு, பல்லி வகைகளில் மட்டும் 11,000க்கும் மேற்பட்ட இனங்கள். பறவைகளும் ஏறக்குறைய அதே 11,000. ஆமைகள் 350 சொச்சம், முதலை வகைகள் 25க்குச் சற்று மேல், டுவாட்டாரா ஒன்றே ஒன்று. எண்ணிக்கையை வைத்துப் பார்த்தால் இந்தக் கிளையில் பாதி பறவைகள். பறவைகளை ஏதோ ஒட்டுச்சேர்க்கை மாதிரி பார்க்க இடமே இல்லை.

அழிந்தவற்றில் டைனோசர்கள், பறக்கும் டெரோசார்கள், கடலில் வாழ்ந்த இக்தியோசார், பிளீசியோசார், மோசாசார் எல்லாம் உள்ளே. இக்தியோசார் பார்க்க டால்ஃபின் மாதிரியே இருக்கும், டால்ஃபின் வெளியே. டெரோசார் உள்ளே, வௌவால் வெளியே. சாலமாண்டர் பல்லி மாதிரியே இருக்கும், ஆனால் அது தவளைக்கு உறவு. அதற்குப் பனிக்குடமே இல்லை.

முட்டையை வைத்து முடிவு செய்யாதீர்கள். கண்ணாடி விரியன் குட்டி போடும், அது சாரோப்சிடாதான். பிளாட்டிபஸ் முட்டையிடும், அது பாலூட்டிதான். ரத்தத்தின் வெப்பத்தை வைத்தும் முடிவு செய்யாதீர்கள், பறவைகளைத் தொலைத்துவிடுவீர்கள். கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இது பாலூட்டிக்கு நெருக்கமா, பல்லிக்கு நெருக்கமா?

வாக்கியத்தில் எப்படி வரும்?

‘சாரோப்சிடுகளும் பறவைகளும்’ என்று எழுதுவது ‘பாலூட்டிகளும் யானைகளும்’ என்று எழுதுவதற்குச் சமம். பறவைகளைத் தவிர்த்துப் பேச வேண்டுமானால் ‘பறவையல்லாத சாரோப்சிடுகள்’ என்று வெளிப்படையாகச் சொல்லிவிடலாம். ‘பாலூட்டிகள் சாரோப்சிடுகளிலிருந்து தோன்றின’ என்பது தப்பு. இரண்டும் உடன்பிறந்த கிளைகள், ஒன்று மற்றதற்குத் தாய் அல்ல. நம் பாட்டன்களில் யாரும் பல்லி கிடையாது. மேலோட்டமாகப் பல்லி போல இருந்தவர்கள் உண்டு, அவ்வளவே.

இந்தத் தப்பு உயிரியலுக்கு வெளியேயும் நன்றாக வேரோடியிருக்கிறது. கோபம் வந்தால் ‘உள்ளே இருக்கும் பல்லி மூளை’ வேலை செய்கிறது என்று சுயமுன்னேற்றப் பேச்சாளர்கள் சொல்வார்கள். மூளை ஆய்வாளர் பால் மெக்லீன் 1960களில் வளர்த்தெடுத்த மூன்றடுக்கு மூளைக் கருத்திலிருந்து வந்தது அது. பல்லி மூளைக்கு மேல் ஒவ்வோர் அடுக்காகப் பூசி மனித மூளை உருவானதாக அதில் ஒரு படம். இரு கிளைகளும் 30 கோடி ஆண்டுகளுக்கும் மேலாகத் தனித்தனியே மூளையை வளர்த்துவந்திருக்கின்றன. சாரோப்சிடுகளின் முன்மூளை வேறு விதமாக அடுக்கப்பட்டது. நமக்கு இருப்பதுபோல் மூளையின் மேல்பரப்பில் ஆறடுக்குப் புறணி காக்கைக்கு இல்லை, ஆனால் சில காக்கை இனங்கள் கருவியே செய்யும். கிளிகளிலும் பாடும் பறவைகளிலும் நரம்பணுக்கள் எவ்வளவு நெருக்கமாக அடுக்கப்பட்டிருக்கின்றன என்று 2016இல் எண்ணிக் காட்டினார்கள். அதே எடையுள்ள பாலூட்டி மூளையைவிட அதிகம். மூளை ஆய்வுக் கட்டுரைகளில் சாரோப்சிடா என்ற சொல் அடிக்கடி தென்படுவதற்கு இந்த ஒப்பீடுதான் காரணம். கருவியலிலும் அப்படியே, பாலூட்டிக்கு எதிர்நிலையில் நிறுத்த ஒரு சொல் வேண்டியிருக்கிறது.

ஊர்வன என்ற சொல்லைத் தூக்கிப்போட வேண்டியதில்லை. பாம்புக்கடி பற்றிப் பேசும்போதும் விலங்குக் காட்சிசாலையின் பலகையிலும் அது பிரமாதமாக வேலை செய்யும். வம்சம் பேசும்போது மட்டும்தான் காலை வாரும். சில ஆய்வாளர்கள் வேறு வழி கண்டார்கள். ஊர்வனவுக்கு உரிய ரெப்டிலியா என்ற பழைய அறிவியல் பெயரையே வைத்துக்கொண்டு, அதற்குள் பறவைகளையும் சேர்த்துவிட்டார்கள். மாடெஸ்டோவும் ஆண்டர்சனும் 2004இல் தந்த வரையறை அந்த வகை. அவர்கள் எழுத்தில் ‘குருவி ஒரு ஊர்வன’ என்பது பிழையற்ற வாக்கியம். தர்க்கம் சரிதான், ஆனால் படிப்பவர் ஒவ்வொரு முறையும் நெளிவார். பழைய சுமை ஏதும் இல்லாத சாரோப்சிடாவே புதிதாகப் படிக்கிறவர்களுக்கு நல்லது என்பது என் கட்சி.

சாரோப்சிடாவும் பறவை சேர்ந்த ரெப்டிலியாவும் எப்போதும் ஒன்றே என்று எடுத்துக்கொள்ளவும் முடியாது. லாரினும் ரீசும் 1995இல் எழுதியபோது சாரோப்சிடாவைச் சற்றே பெரிய வட்டமாகவும் ரெப்டிலியாவை அதற்குள் ஒரு சின்ன வட்டமாகவும் வைத்தார்கள். இடையில் மாட்டிக்கொண்டது மீசோசாரஸ் என்ற சிறிய நீர்வாழ் விலங்கு. தென் அமெரிக்காவிலும் ஆப்பிரிக்காவிலும் ஒரே மாதிரி புதைந்து கிடந்து, கண்டங்கள் நகர்ந்ததற்குச் சாட்சி சொன்னதே, அதுதான். கிளைப்படத்தில் அதன் இடம் இன்னும் ஆளுக்கு ஆள் மாறுகிறது. ஒரு கட்டுரையில் இரண்டு பெயர்களும் வந்தால், முதலில் அந்தப் படத்தில் மீசோசாரஸ் எங்கே இருக்கிறது என்று பார்த்துவிடுங்கள். எழுதியவர் எந்தப் பெயரை எந்த அளவுக்கு விரிக்கிறார் என்பது அங்கேயே தெரிந்துவிடும்.